நாற்பத்திரண்டு கேள்விகளோடு பெய்ரூட்டில்

முனைவர் பட்ட ஆய்வுக்காக 2022இல் லெபனான் தலைநகர் பெய்ரூட் போனபோது என் வினாத்தாளில் 42 கேள்விகள். அதற்கு ஆய்வு நெறிமுறைக் குழுவின் அனுமதி கிடைக்கவே ஐந்து மாதம் ஆனது. பேட்டி தருபவரிடம் கையெழுத்து வாங்க வேண்டும் என்பது நிபந்தனை. பதினைந்து வருஷ உள்நாட்டுப் போரைப் பார்த்தவர்களிடம் கையெழுத்துக் கேட்டால் என்ன ஆகும்? முதல் வாரம் மூன்று பேர் காபி மட்டும் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். குழுவுக்குத் திரும்ப எழுதி, வாய்மொழிச் சம்மதம் போதும் என்று மாற்றி வாங்கினேன். களப்பணிக்குப் போகிறவர்கள் இதை முதலிலேயே கேட்டு வாங்கிவிடுங்கள்.

அடுத்த சிக்கல் என் முதல் கேள்வி: "நீங்கள் எந்த மதப்பிரிவு?" லெபனானில் அங்கீகரிக்கப்பட்ட பிரிவுகள் 18. ஜனாதிபதி மரோனியக் கிறிஸ்தவர், பிரதமர் சுன்னி, சபாநாயகர் ஷியா என்று பதவிகளைப் பிரித்துக்கொண்டிருக்கிறார்கள். நாடாளுமன்றத்தின் 128 இடங்களில் கிறிஸ்தவர்களுக்குப் பாதி, முஸ்லிம்களுக்குப் பாதி. ஆனால் தலைகளை எண்ணியது கடைசியாக 1932இல். எண்ணினால் பங்கை மாற்றச் சொல்வார்களே! அரசாங்கமே கேட்கப் பயப்படுகிற கேள்வியை நான் முதலாவதாக வைத்திருந்தேன்.

வீட்டுக்காரம்மாதான் வழி சொன்னார். "சொந்த ஊர் எது என்று கேள், போதும்." நம்மூரில் பேச்சுவாக்கில் "ஊரில் எந்தத் தெரு?" என்பார்களே, அதேதான். அவர் வாழ்வது பெய்ரூட்டில், ஓட்டு தெற்கே கணவரின் ஊரில். அங்கே ஓட்டு குடும்பம் பதிவான ஊரில்தான்; கல்யாணமானதும் பெண்ணின் பதிவு கணவர் குடும்பத்தோடு சேர்ந்துவிடும். ஒரு நாள்கூடக் குடியிருக்காத அந்த ஊருக்கு, மே 15 தேர்தலன்று பெட்ரோல் விலையைத் திட்டிக்கொண்டே வேன் ஏறினார்.

கடைசியில் எனக்குக் கைகொடுத்தது வினாத்தாளில் இல்லாத ஒரு கேள்வி. "நடுராத்திரியில் பிள்ளையை ஆஸ்பத்திரியில் சேர்க்கணும், யாருக்குப் போன் செய்வீர்கள்?" ஒருவர்கூட அரசு அலுவலகம் எதையும் சொல்லவில்லை. கட்சி ஆள், எம்.பி.யின் உதவியாளர், மதச் சபையில் செல்வாக்குள்ள மாமா. இந்தச் சிபாரிசுக்கு அங்கே 'வாஸ்தா' என்று பெயர். ஐந்தாம் மாடியில் குடியிருந்த ஒரு தையல்காரர் மட்டும், "முதலில் ஜெனரேட்டர்காரனுக்கு. லிஃப்ட் ஓடணுமே. அப்புறம்தான் கட்சி ஆளுக்கு" என்றார். அரசு மின்சாரம் தினமும் ஓரிரு மணி நேரம் வந்த காலம் அது.

2019 அக்டோபரில் ஆட்சியாளர்களை எதிர்த்து நடந்த போராட்டத்தில் தெருவில் இறங்கி, "எல்லாரும் என்றால் எல்லாரும்தான்" என்று தன் பிரிவுத் தலைவரையும் சேர்த்துப் போகச் சொன்னவர் அந்தத் தையல்காரர். அப்புறம் ஏன் அந்தத் தலைவரின் ஆளுக்கே போன் என்று கேட்டேன். "பிள்ளைக்கு ஜுரம் என்றால் கோஷமா போடுவேன்?" என்றார்.

'நலிந்த அரசு' என்று தலைப்பிட்டிருந்த அத்தியாயத்தை ஊர் திரும்பியதும் முழுக்கத் திருப்பி எழுதினேன். 42 கேள்விகளில் மிஞ்சியவை ஒன்பது.