சபையார் இல்லாத தேவாலயத்தில் ஒரு ஆவணப்படம்

ஜனவரி 8

பாரிமுனை அரண்மனைக்காரத் தெருவில் உள்ள ஆர்மேனியத் தேவாலயத்தைப் படப்பிடிப்புக்காகச் சுற்றிப் பார்த்தோம். 1712-இல் முதலில் கட்டி, 1772-இல் திரும்பக் கட்டியது. வளாகத்தில் ஏறத்தாழ 350 ஆர்மேனியர்கள் அடக்கமாகியிருக்கிறார்கள், ஆனால் கேமரா முன்னால் உட்காரவைத்துக் கேள்வி கேட்கச் சபையார் என்று யாரும் இல்லை. சமூக நினைவைப் பதிவு செய்யப்போகிறோம் என்று எல்லோரிடமும் சொல்லிவைத்திருக்கிறேன். யாருடைய நினைவை?

ஜனவரி 11

ஆர்மேனிய ஆவணப்பட இயக்குநர் ஜே. மைக்கேல் ஹகோபியனைப் பற்றி ராத்திரி முழுக்கப் படித்தேன். 1913-இல், அன்றைய ஒட்டோமான் பேரரசின் கார்பெர்ட்டில் பிறந்தவர், பிற்பாடு கலிஃபோர்னியாக்காரர். ஒட்டோமான் அரசு ஆர்மேனியர்கள்மீது நடத்திய 1915 இன அழிப்பில் பிழைத்தவர்களும் நேரில் பார்த்தவர்களுமாக ஏறத்தாழ 400 பேரை, 1972-இலிருந்து பல வருடம் தேடித் தேடி 16 எம்எம் பிலிமில் பேசவைத்திருக்கிறார். நானூறு அடிச் சுருள் பதினோரு நிமிடத்தில் தீர்ந்துவிடும், ஒரு பாட்டி தன் அம்மாவைப் பற்றிச் சொல்ல வாயெடுக்கும் நேரத்தில் சுருள் மாற்ற வேண்டியிருந்தால் என்ன செய்வது என்று யோசித்தாலே எனக்கு வயிற்றைக் கலக்குகிறது. 2010-இல் அந்தப் பேட்டிகளை இன அழிப்புச் சாட்சியங்களைச் சேகரித்துக் காக்கும் ஷோவா அறக்கட்டளைக்கு ஒப்படைக்க ஏற்பாடானது, அதே வருடம் அவரும் போய்விட்டார். இன்று போய்த் தேடினால் அந்தச் சாட்சிகளில் யார் கிடைப்பார்கள்?

ஜனவரி 15

பொங்கல். தெருவில் வண்டிச் சத்தம் குறைவு, ஒலிப்பதிவுக்காரருக்குத்தான் நிஜமான பண்டிகை. கல்வெட்டு எழுத்துகள் தேய்ந்திருக்கின்றன, உச்சி வெயிலில் ஒன்றுமே தெரியாது. விளக்கைத் தரையோடு தரையாகப் பக்கவாட்டில் வைத்தால் நிழல் விழுந்து எழுத்து எழும்பி நிற்கிறது. பாதிரியார் ஹாருத்யுன் ஷ்மாவோனியனின் கல்லறையில் நிறைய நேரம் எடுத்தோம். உலகின் முதல் ஆர்மேனிய இதழான 'அஸ்தராரை' 1794-இல் நடத்தியவர், அதுவும் இங்கே மதராஸில்! 1824-இல் இறந்தார்.

ஜனவரி 18

ஞாயிறு. மணிக்கூண்டில் ஆறு மணிகள். அடித்து ஓய்ந்த பிறகும் கொஞ்ச நேரம் மைக்கை அணைக்காமல் விட்டோம். பின்னணிக் குரலே வேண்டாம், இதுவே போதும் என்று தோன்றுகிறது.

ஜனவரி 22

தயாரிப்பாளரோடு வாக்குவாதம். மதராஸில் வாழ்ந்த ஆர்மேனிய வணிகர் கோஜா பெட்ரஸ் உஸ்கானாக ஒரு நடிகரை அங்கி மாட்டி நடக்கவிடலாம் என்கிறார். சாமி, வேண்டவே வேண்டாம். 1726-இல் அடையாற்றுக்குக் குறுக்கே அந்த மனிதர் சொந்தப் பணத்தில் பாலம் கட்டினார், அதன் இடத்தில் 1966-இல் மறைமலை அடிகள் பாலம் வந்தது. அவர் பெயர் பொறித்த கல் சைதாப்பேட்டையில் மிஞ்சியிருக்கிறது, அதைக் காட்டினாலே ஆயிற்று. அங்கியில் செலவாகிற பணத்தில் கொல்கத்தாவுக்கு டிக்கெட் எடுக்கலாம். 1821-இல் தொடங்கிய ஆர்மேனியக் கல்லூரி அங்கே நடக்கிறது, தேவாலயத்தில் வழிபாடும் உண்டு, ஜனவரி 6-இல் கிறிஸ்துமஸ். இந்த வருடம் அது போய்விட்டது, போகட்டும். அங்கிருக்கும் பெரியவர்களிடம் முதலில் சும்மா உட்கார்ந்து பேச வேண்டும், கேமரா அப்புறம். தயாரிப்பாளர் ரயில் என்றால் சரி என்கிறார், விமானம் கிடையாதாம்.