அமெரிக்கா–பிரிட்டன் உறவை மெயின்ஸுக்குப் படிப்பது எப்படி: ஒரு பேரேட்டு வழி

மத்திய பணியாளர் தேர்வாணையத்தின் (UPSC) குடிமைப் பணி முதன்மைத் தேர்வில், அதாவது மெயின்ஸில், அமெரிக்காவுக்கும் பிரிட்டனுக்கும் இடையிலான ‘சிறப்பு உறவு’ பற்றிக் கேள்வி வந்தால், விடைத்தாள்கள் பெரும்பாலும் ஒரே பாட்டைத்தான் பாடும்: ஒரே மொழி, ஒரே சட்ட மரபு, சர்ச்சில்–ரூஸ்வெல்ட் நட்பு, நேட்டோ, முற்றும். சொன்ன தகவல் எதுவும் தவறில்லை. ஆனால் இதே மொழி பேசியவர்கள்தான் 1812-இல் போருக்குப் போனார்கள். 1814 ஆகஸ்டில் பிரிட்டிஷ் படை வாஷிங்டனுக்குள் புகுந்து வெள்ளை மாளிகைக்குத் தீ வைத்தது. 1861-இல், பிரிட்டிஷ் கப்பல் டிரென்ட்டை அமெரிக்கப் போர்க்கப்பல் வழிமறித்த விவகாரத்தில் மறுபடியும் போரின் விளிம்புவரை போனார்கள். 1930-இல்கூட, பிரிட்டனோடு போர் மூண்டால் என்ன செய்வது என்று அமெரிக்கப் படைத்துறை ஒரு திட்டத்தை வரைந்து கைவசம் வைத்திருந்தது. மொழிதான் காரணம் என்று எழுதுபவரால் இவற்றில் ஒன்றையும் விளக்க முடியாது.

இந்தப் பகுதியைப் பேரேடு எழுதுவதுபோலப் படிப்பது நல்லது. ஒரு நீள நோட்டை எடுத்து மேலிருந்து கீழாகக் கோடிட்டு நான்கு பத்தி (column) போடுங்கள். முதலில் ஆண்டு. அடுத்து, யாருக்கு என்ன தேவைப்பட்டது. மூன்றாவது, அதற்கு என்ன விலை கேட்கப்பட்டது. நான்காவது, அந்த இருவரும் பேசி முடித்ததற்கு வெளியிலிருந்து விலை கொடுத்த மூன்றாமவர் யார். முதல் மூன்று பத்தியைப் பயிற்சி நூல்களே நிரப்பித் தந்துவிடும். விடைக்கு எடை கூட்டுவது நான்காவது. கனடா, இந்தியா, டிரினிடாட், சாகோஸ் தீவு மக்கள் எல்லாரும் அதில்தான் வருவார்கள்.

1776-இலிருந்து தொடங்காதீர்கள். அப்படித் தொடங்குபவர்கள் 1903-இன் அலாஸ்கா எல்லைத் தகராறு வருவதற்குள் களைத்துவிடுவார்கள். 1940-க்குப் பிறகு உள்ளதெல்லாம் கடைசி வாரத்து அவசரப் படிப்பாகிவிடும். முதலில் 1940–47, அடுத்து சூயஸும் அணு ஆயுத ஒப்பந்தங்களும், பிறகு பின்னோக்கி 1895–1903. மற்றதெல்லாம் மீதமுள்ள நேரத்துக்கு.

1940 செப்டம்பர் 2-இல் முதல் பதிவு. பிரிட்டனுக்குத் தேவை போர்க்கப்பல். அமெரிக்கா கொடுத்தது 50 பழைய நாசகாரிக் கப்பல்கள். பலவற்றைப் பழுது பார்க்காமல் கடலில் இறக்க முடியவில்லை. விலை, நியூஃபவுண்ட்லாந்து முதல் பிரிட்டிஷ் கயானா வரையுள்ள பிரிட்டிஷ் பகுதிகளில் தளம் அமைக்க 99 ஆண்டுக் குத்தகை. நான்காவது பத்தியில் டிரினிடாட்டின் சகுவராமாஸ் என்று எழுதுங்கள். பிரிட்டிஷ் கரீபியத் தீவுகள் சேர்ந்து அமைத்த மேற்கிந்தியக் கூட்டாட்சி தன் தலைநகராகத் தேர்ந்த இடம் அது. அமெரிக்கத் தளம் இருந்ததால் கிடைக்கவில்லை.

1941 மார்ச் 11-இல், உடனே பணம் வாங்காமல் நட்பு நாடுகளுக்குப் போர்ப் பொருள்களைத் தர அமெரிக்கா இயற்றிய கடன்–குத்தகைச் சட்டம். இதை ‘அமெரிக்காவின் தாராள உதவி’ என்று ஒரே வரியில் முடிப்பதுதான் பெரிய பிழை. அந்த நேரத்தில் பிரிட்டனின் டாலர் கையிருப்பு கிட்டத்தட்டக் காலி. சொத்தை விற்கத் தயார் என்று காட்டுவதற்காகவே, கோர்ட்டால்ட்ஸ் நிறுவனத்தின் அமெரிக்கக் கிளை அதே மார்ச்சில் அவசர அவசரமாக விற்கப்பட்டது. 1942 பிப்ரவரியில் கையெழுத்தான முதன்மை ஒப்பந்தத்தின் 7-ஆம் பிரிவு, வணிகத்தில் பாகுபாடு ஒழிய வேண்டும் என்றது. 1932 ஒட்டாவா மாநாட்டில் பிரிட்டன் கட்டிய, பேரரசு நாடுகளுக்குள் மட்டும் வரியைக் குறைக்கும் பேரரசு வரிச்சலுகை முறையைக் குறிவைத்த வரி அது. போர் நடந்துகொண்டிருக்கும்போதே போருக்குப் பிந்தைய வணிகத்துக்குப் பேரம் பேசியாகிவிட்டது.

1941 ஆகஸ்ட் 14-இன் அட்லாண்டிக் சாசனத்தை ஒப்பந்தம் என்று எழுதாதீர்கள். அது ரூஸ்வெல்ட்டும் சர்ச்சிலும் வெளியிட்ட கூட்டறிக்கை, இருவரும் முறைப்படி கையெழுத்திட்ட மூலப்பிரதி என்று ஒன்று கிடையாது. எட்டு அம்சங்களில் மூன்றாவது, எல்லா மக்களும் தங்கள் ஆட்சி முறையைத் தாங்களே தேர்ந்துகொள்ளும் உரிமை. 1941 செப்டம்பர் 9-இல் சர்ச்சில் நாடாளுமன்றத்தில் எழுந்து, நாஜிகளின் பிடியிலுள்ள ஐரோப்பிய நாடுகளை மனத்தில் வைத்துச் சொன்னது அது, இந்தியாவின் அரசியல் வளர்ச்சி தனி விஷயம் என்று விளக்கம் கொடுத்தார். வேடிக்கை என்னவென்றால், அந்தச் சாசனத்தின் கோட்பாடுகளை ஏற்பதாகச் சொன்ன 1942 ஜனவரி 1 ஐக்கிய நாடுகள் பிரகடனத்தில் ஒப்பமிட்ட 26 தரப்புகளில் இந்தியாவும் ஒன்று! இதோடு, இந்தியத் தலைவர்களோடு பேச 1942-இல் பிரிட்டன் அனுப்பிய கிரிப்ஸ் தூதுக்குழுவின்போது ரூஸ்வெல்ட்டின் பிரதிநிதியாக டெல்லிக்கு வந்த லூயி ஜான்சனையும் சேர்த்தால், நவீன இந்திய வரலாற்றுக் கேள்விக்கும் இதே குறிப்பு உதவும்.

போர் முடிந்த கையோடு, 1945 ஆகஸ்டில் அமெரிக்க அதிபர் ட்ரூமன் கடன்–குத்தகையை நிறுத்தினார். பிரிட்டிஷ் பொருளியலாளர் கீன்ஸ் வாஷிங்டன் போய் பேசிக் கொண்டுவந்தது 375 கோடி டாலர் கடன்: 2 சதவீத வட்டி, 50 ஆண்டுத் தவணை. கடைசித் தவணை கட்டி முடித்தது 2006 டிசம்பரில். இங்கே மனப்பாடம் செய்ய வேண்டியது தொகையைவிட நிபந்தனையை. கடன் நடைமுறைக்கு வந்த ஓராண்டுக்குள் ஸ்டெர்லிங்கை, அதாவது பிரிட்டிஷ் பவுண்டை, கேட்டவருக்கு டாலராக மாற்றித் தர வேண்டும். 1947 ஜூலை 15-இல் அதைச் செய்தார்கள். டாலர் கொட்டித் தீர்ந்தது. ஆகஸ்ட் 20-இல் நிறுத்தினார்கள். ஐந்து வாரம்தான் தாங்கியது.

அந்த ஆண்டின் பிப்ரவரி மாதத்தை மட்டும் தனிப் பக்கத்தில் எழுதி வையுங்கள். 18-ஆம் தேதி, பாலஸ்தீனப் பிரச்சினையை ஐ.நா.விடம் ஒப்படைப்பதாக பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சர் பெவின் அறிவிக்கிறார். 20-ஆம் தேதி, 1948 ஜூனுக்குள் இந்தியாவை விட்டு வெளியேறுவதாகப் பிரதமர் அட்லி அறிவிக்கிறார். 21-ஆம் தேதி, கிரேக்கத்துக்கும் துருக்கிக்கும் இனி உதவ முடியாது என்ற குறிப்பு வாஷிங்டனுக்குப் போகிறது. நான்கே நாட்கள். மார்ச் 12-இல் ட்ரூமன் அந்த இரு நாடுகளுக்காக அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸிடம் 40 கோடி டாலர் கேட்கிறார். இதுதான் ட்ரூமன் கோட்பாடு. அதைக் கம்யூனிச எதிர்ப்பிலிருந்து மட்டும் தொடங்குபவர்கள் இந்த 21-ஆம் தேதியை விட்டுவிடுகிறார்கள். காலனிய விடுதலை, பனிப்போர், பாலஸ்தீனம் ஆகிய மூன்று தலைப்புக்கும் பொதுவான முடிச்சு இங்கே இருக்கிறது.

1946 மார்ச் 5-ஐயும் குறித்துக்கொள்ளுங்கள். அமெரிக்காவின் ஃபுல்டன் நகரில் சர்ச்சில், ஐரோப்பாவை இரண்டாகப் பிரித்த சோவியத் ‘இரும்புத்திரை’ பற்றியும் ‘சிறப்பு உறவு’ பற்றியும் பேசிய அதே தேதியில்தான், ஒட்டுக்கேட்ட தகவல்களைப் பகிர்ந்துகொள்ளும் ரகசிய ஒப்பந்தத்தில் இரு நாடுகளும் கையெழுத்திட்டன. அப்போது சர்ச்சில் பிரதமர் இல்லை, எதிர்க்கட்சித் தலைவர். இதில் சறுக்குபவர்கள் அதிகம். அதே ஆண்டு அமெரிக்காவில் மக்மஹோன் சட்டம் வந்து அணு ரகசியத்தைப் பிரிட்டனுக்கும் பூட்டிவிட்டது. உளவுத் தகவலில் நெருக்கம், அணுகுண்டில் கதவடைப்பு: ‘விமர்சன நோக்கில் ஆராய்க’ என்று கேட்டால் இந்த முரண் ஒன்றை வைத்தே ஒரு பத்தி எழுதலாம்.

சூயஸைத் தேதி வாரியாகப் படித்தால்தான் பிடிபடும். 1956 ஜூலை 26, எகிப்து அதிபர் நாசர் சூயஸ் கால்வாயை நாட்டுடைமையாக்குகிறார். அக்டோபர் 24, பிரான்ஸின் செவ்ர் நகரில் பிரிட்டன், பிரான்ஸ், இஸ்ரேல் ரகசிய உடன்பாடு. 29, இஸ்ரேல் எகிப்தைத் தாக்குகிறது. நவம்பர் 5, பிரிட்டிஷ், பிரெஞ்சு பாராசூட் படைகள் இறங்குகின்றன. 6, அமெரிக்காவில் அதிபர் தேர்தல். அன்றே பிரிட்டிஷ் பிரதமர் ஈடன் போர்நிறுத்தத்துக்கு ஒப்புக்கொள்கிறார்.

ஏன் ஒப்புக்கொண்டார்? சோவியத் பிரதமர் புல்கானினின் மிரட்டலைக் காரணமாக எழுதுவது வழக்கம். அதையும் குறிப்பிடுங்கள், ஆனால் பணத்துக்குப் பிறகு. நவம்பர் மாதத்தில் மட்டும் பிரிட்டனின் தங்க, டாலர் கையிருப்பு 27.9 கோடி டாலர் குறைந்தது. பன்னாட்டு நிதியத்திலிருந்து (IMF) பணம் எடுக்க அமெரிக்கா சம்மதிக்க வேண்டும். படையை விலக்கும்வரை அது சம்மதிக்கவில்லை. பிரான்ஸ் முன்யோசனையோடு அக்டோபரிலேயே தன் கடன் வசதியை வாங்கி வைத்திருந்தது, பிரிட்டன் வாங்கவில்லை. டிசம்பர் 3-இல் விலகல் அறிவிப்பு, 10-ஆம் தேதி நிதியத்தின் ஒப்புதல்: உடனே எடுக்க 56.1 கோடி, தேவைப்பட்டால் எடுக்க 73.9 கோடி, மொத்தம் 130 கோடி டாலர். இரண்டு தேதிக்கும் நடுவில் ஒரு வாரம். இதைவிடத் தெளிவான சான்று எந்த நூலிலும் கிடைக்காது.

சூயஸோடு உறவு முறிந்தது என்று முடித்தால் பாதி விடைதான். 1957 அக்டோபர் 4-இல் சோவியத் செயற்கைக்கோள் ஸ்புட்னிக் பறந்தது. அமெரிக்காவுக்கும் துணை தேவைப்பட்டது. 1958 ஜூலை 3-இல் பரஸ்பரப் பாதுகாப்பு ஒப்பந்தம், 1946-இல் பூட்டிய அணுக் கதவைத் திறந்தது. 1962 டிசம்பரில் பஹாமாஸின் நசாவ் நகரில் நடந்த பேச்சில், அமெரிக்கா கைவிட்ட ஸ்கைபோல்ட் ஏவுகணைக்குப் பதிலாக, நீர்மூழ்கியிலிருந்து ஏவும் போலாரிஸ் ஏவுகணை பிரிட்டனுக்குக் கிடைத்தது. அடுத்த மாதமே, 1963 ஜனவரி 14-இல், ஐரோப்பியப் பொதுச் சந்தையில் பிரிட்டன் சேர்வதைப் பிரெஞ்சு அதிபர் டி கால் தடுத்தார். பிரிட்டன் அமெரிக்கா பக்கமே சாயும் என்பது அவர் சந்தேகம். நசாவ் மட்டுமே காரணம் என்று அடித்துச் சொல்ல வேண்டாம். ‘அவரது சந்தேகத்தை உறுதிப்படுத்தியது’ என்றால் போதும்.

கன்னியாகுமரியிலிருந்து தெற்கே சுமார் 1,800 கி.மீ. தொலைவில் உள்ள, சாகோஸ் தீவுக் கூட்டத்தைச் சேர்ந்த டீகோ கார்சியா, நான்காவது பத்தியின் முழு உதாரணம். 1965 நவம்பரில் பிரிட்டிஷார் சாகோஸ் தீவுகளை மொரிஷியஸிலிருந்து பிரித்தார்கள். 1966 டிசம்பரில் படைத்தளத்துக்காக அமெரிக்காவுக்கு 50 ஆண்டுக்குக் கொடுத்தார்கள். பிரிட்டனுக்குக் கிடைத்தது போலாரிஸ் கணக்கில் 1.4 கோடி டாலர் தள்ளுபடி. அந்தத் தீவுகளின் மக்களை 1968 முதல் 1973 வரை வெளியேற்றினார்கள். 2019-இல் பன்னாட்டு நீதிமன்றத்தின் கருத்துரை, 2025 மே 22-இல் மொரிஷியஸோடு பிரிட்டன் ஒப்பந்தம் என்று இன்றுவரை கணக்கு முடியவில்லை. பன்னாட்டு உறவுகள் தாளிலும் இது பயன்படும்.

மீதி நவீன காலத்துக்கு ஒவ்வொரு வரி போதும். வியட்நாமுக்கு பிரிட்டிஷ் பிரதமர் ஹரால்ட் வில்சன் படை அனுப்ப மறுத்தது. 1982-இல் ஃபாக்லாந்து போரில் முதலில் தயங்கிய ரீகன் அரசு பிறகு உதவியது. 1983-இல் கிரெனடாவில், பிரிட்டிஷ் ராணியே அரசுத் தலைவராக இருந்த நாட்டில், தாட்சரின் எதிர்ப்பை மீறி அமெரிக்கப் படை இறங்கியது. 2003 ஈராக்.

பின்னோக்கிப் போகும்போது 1895–1903-இல் நில்லுங்கள். வெனிசுவேலா–பிரிட்டிஷ் கயானா எல்லைத் தகராறில், அமெரிக்கா வற்புறுத்தியதால், நடுவர் விசாரணைக்குப் பிரிட்டன் இறங்கிவந்தது. 1901 ஹே–பான்ஸ்ஃபோட் ஒப்பந்தத்தில், மத்திய அமெரிக்கக் கால்வாயை அமெரிக்கா தனியே கட்ட விட்டுக்கொடுத்தது. 1903 அலாஸ்கா எல்லைத் தீர்ப்பாயத்தில் ஆறு பேர்: மூன்று அமெரிக்கர், இரண்டு கனடியர், ஒரு பிரிட்டிஷ் நீதிபதி. அந்த நீதிபதி அல்வர்ஸ்டோன் பிரபு அமெரிக்கர் பக்கம் வாக்களித்தார். கனடியர் இருவரும் தீர்ப்பில் கையெழுத்திட மறுத்தார்கள். ஜெர்மன் கடற்படையின் வளர்ச்சி, தென்னாப்பிரிக்காவில் பிரிட்டன் நடத்திய போயர் போர் ஆகிய இரண்டையும் பக்கத்தில் எழுதினால் பிரிட்டன் ஏன் விட்டுக்கொடுத்தது என்பது விளங்கிவிடும்.

அதற்கு முந்தையது அரை நாள் வேலை. 1812 போரை முடித்த 1814 கென்ட் (Ghent) ஒப்பந்தம், பெரும் ஏரிகளில் போர்க்கப்பலைக் குறைத்த 1817 ரஷ்–பேகட் ஒப்பந்தம், கனடா எல்லையாக 1818-இல் ஏற்ற 49-ஆம் அட்சரேகை, 1842, 1846 எல்லை ஒப்பந்தங்கள், அமெரிக்க உள்நாட்டுப் போரில் தென் மாநிலங்களுக்காகப் பிரிட்டனில் கட்டப்பட்ட அலபாமா கப்பலுக்காக 1872 ஜெனீவா தீர்ப்பில் பிரிட்டன் கட்டிய 1.55 கோடி டாலர். முதல் உலகப் போரில் 1917-இல் அமெரிக்கா ‘நேச நாடு’ ஆனது என்று எழுதாதீர்கள். அமெரிக்க அதிபர் உட்ரோ வில்சன் ‘இணை நாடு’ என்ற பெயரைத்தான் ஏற்றார். 1921–22 வாஷிங்டன் மாநாட்டில் அமெரிக்கா, பிரிட்டன், ஜப்பான் போர்க்கப்பல்களுக்கு வகுத்த 5:5:3 விகிதம் எல்லாருக்கும் நினைவிருக்கும். 1902-இன் ஆங்கிலோ–ஜப்பானிய உடன்படிக்கை அங்கே முடிவுக்கு வந்ததையும் சேர்த்து எழுதுங்கள். மூன்றாமவர் இங்கே ஜப்பான்.

எழுதும் நேரம்: பொது அறிவு முதல் தாளில் 250 மதிப்பெண்ணுக்கு 180 நிமிடம். 10 மதிப்பெண்ணுக்கு 7 நிமிடம், 15-க்கு 10 நிமிடம் என்று வைத்தால் கடைசியில் பத்து நிமிடம் கையில் நிற்கும். முன்னுரைக்கு இரண்டே வாக்கியம். நடுவில் பேரேட்டிலிருந்து மூன்று பதிவு. ஐந்து எடுத்தால் எதுவும் விளங்காது. ஒவ்வொன்றிலும் தேவை, விலை, மூன்றாமவர் வரட்டும். வரலாற்று விருப்பப்பாடத்தின் 20 மதிப்பெண் கேள்விக்கு இதே அமைப்பில் நான்கு பதிவு.

தமிழில் எழுதுபவர்களுக்கு ஒன்று. ஆங்கிலத்தில் மூன்று சொல்லாக வருவது தமிழில் ஒரே சொல்லாகச் சேர்ந்துவிடும். 250 சொல் வரம்பை எட்ட வேண்டுமே என்று வாக்கியத்தை இழுக்காதீர்கள். விஷயம் முடிந்த இடத்தில் நிறுத்துங்கள். கலைச்சொல்லுக்குப் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் ஆங்கிலச் சொல்லை எழுத ஆணையம் அனுமதிக்கிறது. கடன்–குத்தகை, இணை நாடு, ஸ்டெர்லிங் மாற்றுரிமை ஆகிய மூன்றுக்கும் அதைப் பயன்படுத்துங்கள். திருத்துபவர் வேறு மொழிபெயர்ப்புக்குப் பழகியவராக இருக்கலாம்.