எழுதாத மறையும் தோட்டத்து மாரியம்மனும்

ஆடி மாதத்தின் மூன்றாம் வெள்ளியன்று, படிவம் மூன்றில் படிக்கும் என் அண்ணன் மகனை அழைத்துக்கொண்டு, மலேசியாவின் ஈப்போவுக்கு வடக்கே ஏறத்தாழ 30 கிலோமீட்டர் தொலைவிலுள்ள சுங்கை சிப்புட்டுக்குச் சென்றேன். பட்டணத்தைத் தாண்டி, செம்பனைகளுக்கு நடுவே செல்லும் மண்சாலையின் முடிவில், நான் பிறந்து வளர்ந்த தோட்டத்தின் மாரியம்மன் கோவில் இருக்கிறது. தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயங்களை இடித்துப் பல ஆண்டுகள் ஆகிவிட்டன. அங்கே வாழ்ந்தவர்கள் எங்கெங்கோ போய்விட்டார்கள். ஆனாலும் ஆடி வெள்ளிக்கு அம்மனிடம் வந்து சேர்ந்துவிடுவார்கள். இம்முறை எங்களுடன் அவனுடைய நோட்டுப்புத்தகமும் வந்தது.

அதில் அவன் ஒரு கதை எழுதிவருகிறான். ஒலியையே கடவுளாக வணங்கும் ஒரு கற்பனை மக்களைப் பற்றிய கதை அது. அவர்களுக்கு உருவ வழிபாடு இல்லை, கருவறை இல்லை. ஒரு திருநூல் மட்டும் உண்டு. அதற்கு 'அதிர்மறை' என்று அவன் பெயர் சூட்டியிருக்கிறான். அதை எவரும் எழுதிவைக்கக் கூடாது. ஒருவர் வாயிலிருந்து மற்றொருவர் செவிக்கு மட்டுமே அது செல்ல வேண்டும். ஒரு பாட்டு முடிந்தால் அதன் கடைசி அதிர்வு அடங்கும்வரை காத்திருந்த பின்னரே அடுத்ததைத் தொடங்க வேண்டும். அதற்கு முன் வாய் திறப்பவர் அன்று முழுவதும் ஓதும் உரிமையை இழப்பார். இவ்வளவும் எழுதிய பிறகு அவனுக்கே ஓர் ஐயம் எழுந்திருக்கிறது.

"எழுதாமல் இருந்தால் அது எப்படி அத்தை நூலாகும்? படிக்கிறவர்கள் நம்புவார்களா?" என்று காரில் கேட்டான்.

கேள்வி எனக்குப் பிடித்திருந்தது. நம் முன்னோர் வேதத்தை எழுதாக்கிளவி என்றும் கேள்வி என்றும் அழைத்ததைச் சொன்னேன். பிறகு, எனக்கு மிகவும் நெருக்கமான ஒரு வரலாற்றைச் சொன்னேன். தில்லையில் பூட்டிக் கிடந்த தேவாரச் சுவடிகளைச் சோழ மன்னன் திறக்கச் செய்தபோது, கரையான் அரித்ததுபோக எஞ்சியவையே அவற்றைத் தொகுத்த நம்பியாண்டார் நம்பிக்குக் கிடைத்தன என்று திருமுறை கண்ட புராணம் கூறுகிறது. சொற்கள் ஓரளவு கிடைத்தாலும், அவற்றை எந்தப் பண்ணில் பாடுவது என்பது எவருக்கும் தெரியவில்லை. திருஎருக்கத்தம்புலியூரில், திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் பிறந்த ஒரு பெண்ணே பண்களை வகுத்துக் கொடுத்தாள். ஏட்டைக் கரையான் தின்றுவிட்டது. இசை ஒரு பெண்ணின் தொண்டையில் பிழைத்திருந்தது. இந்த இடம் வரும்போதெல்லாம் என் குரல் தழுதழுத்துவிடும். அன்றும் அப்படியே ஆயிற்று. தஞ்சைப் பெரிய கோவிலில் திருப்பதியம் பாட 48 பேரையும், உடுக்கைக்கும் கொட்டி மத்தளத்துக்கும் இருவரையும் முதலாம் இராசராசன் நியமித்ததைக் கல்வெட்டே சொல்கிறது. சீர்காழிக்கு அருகிலுள்ள திருக்கோலக்காவில், கையால் தாளமிட்டுப் பாடிய குழந்தை சம்பந்தருக்கு இறைவன் பொற்றாளம் அளிக்க, அந்தத் தாளத்துக்கு ஓசையைத் தந்தவள் அம்பிகை என்பது தலவரலாறு. அவளுக்கு ஓசை கொடுத்த நாயகி என்றே திருப்பெயர்.

அவன் எல்லாவற்றையும் குறித்துக்கொண்டான். ஆனாலும் முகம் தெளியவில்லை.

கோவிலின் முன்மண்டபத்து விட்டத்தில், முழ நீளமுள்ள தண்டவாளத் துண்டு ஒன்று கம்பியில் தொங்குகிறது. முன்பு அது, வேலைக்குப் போகுமுன் தொழிலாளர்களைக் கூட்டிப் பெயர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் தொங்கியது. விடியுமுன் இருட்டில் அதைத் தட்டினால், லயத்திலிருந்த அத்தனை பேரும் ரப்பர் பால் வாளியும் கத்தியுமாக ஓடியாக வேண்டும். என் அம்மா கைக்குழந்தையைப் பிள்ளைக் கொட்டகையில் விட்டுவிட்டு ஓடியதும் இந்த ஒலிக்குத்தான். தோட்டம் கைமாறி, ரப்பர் மரங்கள் சாய்க்கப்பட்டபோது, இதைப் பழைய இரும்புக்குப் போகவிடாமல் தூக்கிவந்து அம்மனுக்கு மணியாகக் கட்டியவர்கள் பால்வெட்டிய பெண்கள். மேலெல்லாம் துருப்பிடித்திருக்க, அடி விழுந்து விழுந்து குழிந்த இடம் மட்டும் வெள்ளிபோல் மின்னுகிறது. அதற்கு மேலே குங்குமப் பொட்டு வைத்திருக்கிறார்கள்.

மண்டபத்துத் தூணோரம், எண்பதைக் கடந்த பாட்டி ஒருவர் அமர்ந்திருந்தார். பள்ளிக்கூடம் போகாதவர், ஆயினும் தேவாரப் பதிகங்கள் பலவற்றை மனப்பாடமாகப் பாடுவார். சிறுவயதில், மண்ணெண்ணெய் விளக்கடியில் பெரியவர் ஒருவர் பாடப் பாடக் கேட்டுப் படித்தவை. நான் ஆசிரியப் பயிற்சி முடித்து வந்த புதிதில், அச்சுப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அடியைத் தவறான இடத்தில் பிரிக்கிறீர்கள் என்று அவரைத் திருத்தினேன். "எனக்குச் சொல்லிக் குடுத்தவரு மூச்சு இங்கதாம்மா நிக்கும்" என்றார். அவர் காத்துவந்தது சொல்லை மட்டுமன்று, இறந்துபோன ஒருவரின் மூச்சையும் என்பது எனக்கு அன்று விளங்கவில்லை. அப்படித் திருத்தியதற்காக இன்றும் வருந்துகிறேன்.

பையன் அவர் எதிரில் மண்டியிட்டு, "பாட்டி, நீங்கள் பாடுவதை எழுதிக்கொள்ளலாமா?" என்று கேட்டான்.

"எழுதிக்கய்யா. மொதல்ல போயி மணியத் தட்டிட்டு வா" என்றார்.

அவன் இரும்புக் கம்பியை எடுத்துக் குழிவில் ஓங்கித் தட்டினான். கூரைத் தகரம் அதிர்ந்தது. கோழிகள் சிதறி ஓடின. அவன் ஏதோ சொல்லத் திரும்பினான். பாட்டி கண்களை மூடியபடியே ஒரு விரலை உயர்த்தினார். பேரொலி தணிந்து, ரீங்காரமாகி, பின் அதுவும் மெலிந்து, எனக்குக் கேட்காமல் போயிற்று. உயர்ந்த விரல் இறங்கவில்லை. பையன் தயங்கித் தயங்கி உள்ளங்கையைத் தண்டவாளத்தின்மேல் வைத்தான். அவன் கண்கள் விரிந்தன. "இன்னும் இருக்கிறது அத்தை" என்று உதடு மட்டும் அசையச் சொன்னான்.

அவன் கையை எடுத்த பிறகே பாட்டியின் விரல் தொடையில் இறங்கித் தாளமாயிற்று. "ஓசை ஒலியெலாம் ஆனாய் நீயே" என்று, திருவையாற்று இறைவனை அப்பர் பாடிய தாண்டகத்தைத் தொடங்கினார். பெரியவரின் மூச்சு நின்ற இடத்தில் நின்றார். ஒரு பாட்டு முடிந்ததும், தூணில் தலைசாய்த்து வெகுநேரம் காத்திருந்து, பிறகே அடுத்ததற்குச் சென்றார். நோட்டுப்புத்தகம் திறக்கப்படாமல் அவன் மடியில் கிடந்தது. மூன்றாம் பாட்டில் பாட்டி மூச்செடுத்த இடத்தில், அவனும் மூச்செடுத்தான்.