பச்சை இருக்கா, மாப்பிள்ளை?

மாமா ஊருக்குத் திரும்பி ஆறு வாரங்கள் ஆகின்றன. ஆனால் மிசிசிப்பி ஆற்றின் பொறுப்பை அவர் இன்னும் எவரிடமும் ஒப்படைக்கவில்லை. எங்களுக்குக் காலை ஏழு மணி, அங்கே விளக்கு வைக்கும் நேரம், அப்போது தொலைபேசியில் அழைப்பவர், மகள் எப்படி இருக்கிறாள், பேரன் சாப்பிட்டானா என்பதற்கெல்லாம் முன்பாக, "பச்சை இருக்கா, மாப்பிள்ளை?" என்றுதான் கேட்கிறார்.

பச்சை என்பது அயோவா மாநிலத்துப் பெட்டன்டார்ஃப் நகரின் கரையோரம், படகுகளுக்கு வழி காட்ட மிதக்கும் தட்டைத் தலை மிதவை. வெண்ணாற்று மதகில் முப்பது ஆண்டுகள் லஸ்கராக, அதாவது மதகைத் திறந்து மூடும் ஊழியராக, இருந்தவரை அழைத்து வந்து ஓர் ஆற்றங்கரையில் நடக்க விட்டால் என்ன ஆகும் என்பதை நாங்கள் முன்பே யோசித்திருக்க வேண்டும். மே மாதம் வந்திறங்கிய மறுநாளே ஆற்றில் குற்றம் கண்டுபிடித்தார். வடக்கிலிருந்து தெற்கே போக வேண்டிய மிசிசிப்பி எங்கள் ஊரருகில் மட்டும் கிழக்கிலிருந்து மேற்காகத் திரும்பி ஓடுகிறது. காவிரியைப் பார்த்து வளர்ந்தவருக்கு, ஓர் ஆறு வந்த வழியே வீட்டுக்குத் திரும்பிப் போவதாகப் பட்டது போலும். ஒரு வாரம் அதற்காக வருந்திவிட்டு மிதவைகளின் பக்கம் திரும்பினார்.

எதிரேறி வரும் படகுக்கு வலப்புறம் கூம்புத் தலைச் சிவப்பு, இடப்புறம் தட்டைத் தலைப் பச்சை, நடுவே குறைந்தது 9 அடி ஆழமுள்ள வழி என்று சொல்லிக்கொடுத்தது நான்தான். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். கடலோர மிதவைகளைப் போல இந்த ஆற்று மிதவைகளுக்கு எண்கள் கிடையாது என்றும் சொல்லித் தொலைத்தேன். "அரசாங்கச் சொத்துக்கு நம்பர் இல்லையா?" என்று அதிர்ந்தவர், அன்று மாலையே பேரனின் ஓவிய நோட்டில் கண்ணுக்கு எட்டிய மிதவைகளையெல்லாம் வரைந்து, ஒன்று முதல் ஒன்பது வரை எண்ணிட்டுக் கையெழுத்தும் போட்டுவிட்டார்.

ஜூலையில் மேற்கே மழை கொட்டி ஆறு பழுப்பாகப் பெருகிய ஒரு காலை, ஆறரை மணிக்குப் படுக்கையறைக் கதவு தட்டப்பட்டது. பச்சையைக் காணவில்லை. ஒவ்வொன்றிலும் 1,500 டன் சரக்கோடு, பார்ஜு எனும் தட்டைச் சரக்குப் படகுகள் பதினைந்தை மூன்று வரிசையாகக் கட்டித் தள்ளிக்கொண்டு போகிறார்கள். அவற்றில் ஒன்று இடித்தாலோ, வெள்ளத்தில் உருண்டு வரும் மரம் கம்பிவடத்தில் சிக்கினாலோ, மிதவை தன்னைப் பிடித்திருக்கும் கான்கிரீட் கட்டையையும் இழுத்துக்கொண்டு நகர்ந்துவிடும், இது இங்கே வழக்கம்தான் என்று அரைத் தூக்கத்தில் விளக்கினேன். அவர் முழுவதும் கேட்டுவிட்டு, "மேலிடத்துக்குத் தகவல் சொல்லியாயிற்றா?" என்றார். "சொல்லிவிட்டேன் மாமா" என்றேன். அப்போது என் கையில் போர்வையைத் தவிர வேறெதுவும் இல்லை.

நான்காம் நாள் கப்பல் வந்தே விட்டது.

கடலோரக் காவல் படையின் கறுப்பு நிறச் சிறு கப்பல். முன்னால் அது தள்ளி வந்த நீண்ட பார்ஜின் மேல் ஒரு கிரேன், கொலுப் படியில் அடுக்கியது போலச் சிவப்பும் பச்சையுமாக மிதவைகள், பக்கத்தில் கான்கிரீட் கட்டைகள். அலுவலகத்துக்கு விடுப்புச் சொல்லிவிட்டு நானும், இட்லி டப்பாவோடு என் மனைவி காவேரியும் மூன்று மணி நேரம் கரையில் நின்றோம். கப்பல் குறுக்கும் நெடுக்குமாகப் போய் ஆழம் பார்த்ததைக் கண்டதும் மாமா, "லெவல் பார்க்கிறான்" என்று எழுந்து நின்றார். கட்டை நீரில் விழுந்து, வடம் தடதடவென்று பின்னாலேயே ஓடி, புதிய பச்சை ஒரு குலுங்கு குலுங்கி நிமிர்ந்தபோது அவர் கைதட்டவில்லை. தலையை மட்டும் ஒருமுறை அசைத்தார். அந்தத் தலையசைப்பை என் கல்யாணத்தன்றுகூட நான் பார்த்ததில்லை. இந்த வகைக் கப்பல்களில் பெரும்பாலானவை 1960-களில் கட்டப்பட்டவை என்று சொன்னதற்கு, "நம்மைத்தான் வயதைச் சொல்லி வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்" என்றார். அவற்றுக்கு ஆறுகளின் பெயர்களை வைக்கிறார்கள் என்பது மட்டும், மகளுக்குக் காவேரி என்று பெயர் வைத்தவருக்கு மிகவும் நியாயமாகப் பட்டது.

அன்றிரவே செய்தி திருவையாறுவரை போய்விட்டது: மாப்பிள்ளை ஒரு வார்த்தை சொன்னார், அமெரிக்கா நாலே நாளில் கப்பலை அனுப்பியது. விசாவுக்குச் சிபாரிசு கேட்டு இதுவரை மூன்று பேர் அழைத்திருக்கிறார்கள். உண்மை தெரிந்த காவேரியோ, "கப்பலையே வரவழைத்தவருக்குச் சமையலறைக் குழாய்க்கு ஓர் ஆளை வரவழைக்க முடியவில்லையே" என்று வாரம் ஒருமுறை வியக்கிறாள்.

இன்று காலை வெளியே மைனஸ் 12 டிகிரி. வழக்கமான கேள்வி வந்தது. போர்வைக்குள்ளிருந்து, "இருக்கிறது மாமா, இப்போதுதான் பார்த்துவிட்டு வந்தேன்" என்றேன். "ஒரு போட்டோ அனுப்புங்களேன்" என்றார். ஆகஸ்டில் எடுத்த படங்களில் நல்லதாக ஒன்றைப் பொறுக்கி அனுப்பினேன்.

இரண்டு நிமிடம் கழித்துப் பதில் வந்தது: "பின்னால் மரத்தில் இலை இருக்கிறதே, மாப்பிள்ளை."

நான் என்ன எழுதுவது என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே அடுத்ததும் வந்தது: "குல்லாய் போட்டுக்கொண்டு போங்கள்."