போனைப் பூட்டி வெச்ச அத்தானுக்கு

தக்கலை அக்கா வீட்டுல மறுபடியும் சண்டை. பத்தாங்கிளாஸ் படிக்கிற மருமகன் பிஜிஎம்ஐங்கற துப்பாக்கிச் சண்டை போன் கேமை டீம் சேர்ந்து ஆடுதான். அத்தான் போனைப் பிடுங்கி அலமாரியில பூட்டிட்டாரு. "சூதாட்டம்லா இது"ன்னு சத்தம் போடுதாரு.

இல்ல அத்தான். பணம் கட்டி ரம்மி ஆடுதது வேற. 2025 ஆகஸ்ட்ல வந்த மத்திய சட்டம் பணம் வெச்சு ஆடுற ஆன்லைன் ஆட்டங்களைத்தான் தடை செஞ்சுது. இ-ஸ்போர்ட்ஸை, அதாவது இவன் ஆடுத மாதிரி வீடியோ கேமைப் போட்டியா ஆடுததை, அதே சட்டம் அங்கீகரிச்சிருக்கு. 2018 ஜகார்த்தா ஆசியப் போட்டியில அது பதக்கப் பட்டியல்ல சேராத காட்சிப் போட்டி, அதுல குஜராத்துப் பையன் தீர்த் மேத்தா வெண்கலம் எடுத்தாரு. 2023ல ஹாங்சோவில முறையான பதக்கப் போட்டியாவே ஆயிட்டு.

விடிய விடிய ஆடட்டும்னு நான் சொல்லல. இடையில தடைபட்டு 2023ல திரும்பி வந்தப்ப பிஜிஎம்ஐயே 18 வயசு ஆகாதவங்களுக்கு ஒரு நாளைக்கு 3 மணி நேரம்னு வரம்பு போட்டுது. பெரியவங்க பேர்ல ஐடி போட்டு அதைத் தாண்டுத பிள்ளைங்க நிறைய. அங்கதான் கண்டிப்பு வேணும், பரீட்சை மாசத்துல இன்னும் கூடுதலா.

அத்தான், இந்த ஞாயித்துக்கிழமை அவன் பக்கத்துல இருந்து ஒரு மேட்ச் பாருங்க. நாலு பேர்ல வழி சொல்லுதது நம்ம பையன்தான்.