டைட்டில் கார்டில் ஒரு பெயர், பான் அட்டையில் வேறொரு பெயர்

சாலிகிராமத்தில் ஒரு சிறிய ஒலிப்பதிவு அறையை வாடகைக்கு எடுத்து, பதினெட்டு ஆண்டுகளாகத் தொலைக்காட்சித் தொடர்களுக்கு இசையமைத்து வருகிறேன். விளம்பரப் பாடல், பக்தி ஆல்பம், சேனல்களின் பண்டிகை நிகழ்ச்சிகளில் கீபோர்டு வாசித்துக்கொண்டே பாடுவது என எந்த வேலையையும் மறுத்ததில்லை. ஆனால் பேசிய தொகை கைக்கு வந்ததும் கணக்கு முடிந்தது என்றே நெடுங்காலம் நினைத்திருந்தேன். இசையமைப்பாளரும் பாடலாசிரியரும் தமக்குரிய ராயல்டி பங்கைத் தம் வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ அன்றி வேறெவருக்கும் எழுதிக் கொடுக்க முடியாது என்று 2012ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத் திருத்தம் சொல்வதை, மிகத் தாமதமாகத்தான் அறிந்தேன்.

இசை ஒலிபரப்பாகும்போது அதற்கான ராயல்டியை வசூலித்து இசையமைப்பாளர்களுக்கும் பாடலாசிரியர்களுக்கும் பிரித்துத் தரும் பதிப்புரிமைச் சங்கமான ஐபிஆர்எஸ் அமைப்பில் சேர, சென்ற ஆண்டு விண்ணப்பித்தேன். பான் அட்டை, ரத்து செய்த காசோலை, வெளிவந்த படைப்புக்கான சான்று எல்லாம் ஒரே மாலையில் சேர்ந்துவிட்டன. சிக்கல் பெயரில்தான் வந்தது. நம் ஊரில் தலைப்பெழுத்து அப்பாவைக் குறிக்கும். பான் அட்டையிலோ அது விரிந்து, அப்பாவின் பெயரே என் குடும்பப் பெயராக உட்கார்ந்திருக்கிறது. டைட்டில் கார்டுகளில் வருவதோ தலைப்பெழுத்தே இல்லாத என் புனைபெயர். இரண்டும் ஒருவரே என்று நோட்டரியிடம் உறுதிமொழிப் பத்திரம் வாங்கி, புனைபெயரையும் உறுப்பினர் பதிவில் இணைக்கச் செய்தேன். இதை முதல் நாளே செய்திருந்தால் இரண்டு மாதம் மிச்சமாகியிருக்கும்.

அதன்பின் கியூ ஷீட். எந்த எபிசோடில் எந்த இசை எத்தனை விநாடி ஒலித்தது, யார் இசை, யார் வரிகள் என்று ராயல்டி கணக்குக்காக எழுதும் பட்டியல் அது. ஒரு தயாரிப்பு நிறுவனத்தில் அப்படியொன்று எழுதப்படவே இல்லை. பழைய ஹார்ட் டிஸ்க்கில் ‘சோகம் 3 புதுசு’, ‘மாமியார் என்ட்ரி’ என்று பெயரிட்டுக் கிடந்த கோப்புகளை ஒவ்வொன்றாகக் கேட்டு, ஒளிபரப்பான எபிசோடுகளோடு ஒப்பிட்டு நானே குறித்தேன். டைட்டில் பாடல் மட்டும் 42 விநாடி. நான் பாடியவற்றுக்கு நிகழ்த்துநர் உரிமை என்று தனியாக ஒன்று உண்டு. அதற்கான வேலையை இன்னும் தொடங்கவில்லை.

அந்த டைட்டில் பாடலை எழுதிய ஐயா இப்போது இல்லை. ஒரு படைப்பின் பதிப்புரிமை, படைத்தவர் மறைந்த பிறகும் 60 ஆண்டுகள் நீடிக்கும் என்பதால், அவருடைய பங்கு அவர் வாரிசுகளுக்கு உரியது. கோடம்பாக்கத்தில் அவர் வீட்டுக்குச் சென்று அவர் துணைவியாரிடம் சொன்னபோது, “அவர் எழுதினதுக்கு இன்னுமா தம்பி காசு வரும்?” என்று கேட்டார். உள்ளே போய் ஒரு நோட்டை எடுத்துவந்தார். பல்லவியின் முதல் வரி மூன்று முறை அடித்துத் திருத்தப்பட்டு, மெட்டைக் காட்ட நான் சொன்ன தத்தகாரம் ஓரத்தில் பென்சிலில் இருந்தது. அந்தப் பக்கத்தைப் படமெடுத்துக்கொண்டேன். வாரிசுச் சான்றிதழின் நகலை மறுநாள் அவருடைய மகன் கொண்டுவந்து தந்தார். விண்ணப்பத்தை நாங்கள் மூவரும் என் அறையிலேயே உட்கார்ந்து நிரப்பினோம்.