ஸ்க்ரியாபினின் ஒளி வரியை வீட்டில் அமைத்துப் பார்த்தேன்

ரஷ்ய இசையமைப்பாளர் அலெக்சாண்டர் ஸ்க்ரியாபின் (1872–1915) 1910-இல் எழுதி முடித்த ‘பிரொமீதியஸ்: நெருப்பின் கவிதை’யின் இசைத்தாளில், மற்ற எல்லா வாத்தியங்களுக்கும் மேலே ‘லூச்சே’ (இத்தாலிய மொழியில் ‘ஒளி’) என்றொரு வரி இருக்கிறது. அந்த வரிக்குரிய கருவி ஒலி எழுப்பாது. சுரத்துக்குச் சுரம் அரங்கை வண்ண ஒளியால் நிரப்ப வேண்டும். அதைத்தான் சிறிய அளவில் செய்துபார்க்கிறேன்.

மாஸ்கோவில் அவர் கடைசியாக வாழ்ந்த வீடு இப்போது அருங்காட்சியகம். வண்ண பல்புகள் பதித்த மரவட்டம் ஒன்று அங்கே உள்ளது. அதை மாதிரியாகக் கொண்டு, பலகை வட்டத்தின் விளிம்பில் எல்.இ.டி. பட்டையை ஒட்டி, ஆர்டுவினோ என்ற நிரல் எழுதி இயக்கும் சிறு மின்சுற்றுப் பலகையுடன் இணைத்து, முன்னால் வெள்ளை வேட்டியை இரண்டாக மடித்துக் கட்டினேன். வேட்டி இல்லாமல் புள்ளி புள்ளியாகத் தெரிந்த ஒளி, கட்டியபின் ஒரே பரப்பாகப் படர்ந்தது. அவருடைய நண்பர் சபனேயெவ் குறித்துவைத்த பட்டியலின்படி, மேற்கத்திய இசைச் சுரங்களில் ‘சி’ சிவப்பு, ‘டி’ மஞ்சள், ‘எஃப் ஷார்ப்’ பளிச்சென்ற நீலம். ‘பி ஃபிளாட்’டுக்கு உலோக மினுக்கமுள்ள எஃகு நிறம் என்கிறது பட்டியல். எல்.இ.டி.யில் மினுக்கம் வராது என்பதால், மங்கிய நீலவெண்மையை லேசாக நடுங்கவிட்டிருக்கிறேன்.

லூச்சேயில் இரண்டு குரல்கள், அதாவது ஒரே சமயத்தில் ஓடும் இரண்டு தனிச் சுரவரிசைகள், உண்டு. வேகமானது சுரக்கோவைகளின் (ஒருசேர ஒலிக்கும் சுரத்தொகுப்புகளின்) அடிச்சுரத்தைத் தொடர்கிறது. மற்றது ‘எஃப் ஷார்ப்’பில் தொடங்கி, முழுச்சுரப் படிகளில் மிக மெதுவாக ஏறி, சுமார் 20 நிமிடப் படைப்பின் முடிவில் மீண்டும் ‘எஃப் ஷார்ப்’பை அடைகிறது. முதலில் இந்த மெதுவான குரலை மட்டுமே ஓடவிட்டேன். இசை கொந்தளிக்கும்போதும் நிறம் அசையாமல் நிற்பதைக் கண்டபோது, ஒளி அவருக்கு வெறும் அலங்காரமல்ல என்பது கண்முன்னே விளங்கியது. பிரம்மஞான சபையை நிறுவியவர்களில் ஒருவரான பிளாவட்ஸ்கியின் கருத்துகளில் தோய்ந்திருந்த அவர், ஆன்மா சடப்பொருளில் இறங்கித் தன் மூலத்துக்குத் திரும்பும் பயணத்தை இந்த ஏழு படிகளில் வைத்தார் என்று ஆய்வாளர்கள் விளக்குகின்றனர். இமயமலை அடிவாரத்தில் ஏழு நாட்கள், ஒலியும் ஒளியும் நறுமணமும் நடனமும் கலந்து, பார்வையாளர் என்று எவருமின்றி எல்லோரும் பங்கேற்று, மனிதகுலமே உயர்நிலைக்குக் கடந்து செல்ல வேண்டும் என்று அவர் கனவு கண்ட ‘மிஸ்டீரியம்’ இதே எண்ணத்தின் நீட்சிதான். மேலுதட்டில் வந்த கட்டி ரத்தத்தை நஞ்சாக்க, 43 வயதில் அவர் இறந்தபோது அது குறிப்புகளாகவே நின்றுபோனது.

படைப்பின் அடித்தளமான ‘மறைஞானக் கோவை’யையும் கீபோர்டில் வாசித்துப் பார்த்தேன்: சி, எஃப் ஷார்ப், பி ஃபிளாட், ஈ, ஏ, டி. ‘சி’யை ஸட்ஜமாகக் கொண்டால், பஞ்சமம் நீங்கிய வாசஸ்பதி என்ற கர்நாடக ராகத்தின் சுரங்கள் இவை. ஆனால் அவர் இவற்றை நான்காம் இடைவெளிகளில் அடுக்கி ஒருசேர ஒலிக்கவிடுவதால் ராகச்சாயல் எழுவதில்லை. எங்கும் இறங்கி ஓய்வெடுக்காத ஓர் அந்தரநிலைதான் கேட்கிறது.

அடுத்து, வேகக் குரலுக்கென வட்டத்தின் உள்பக்கம் இரண்டாவது பட்டையை ஒட்டவிருக்கிறேன்.